ஏழாவது சொல்

பள்ளிக்கூடத் தெரு,
ஜனவரி 11

அன்புள்ள நாத்தனாருக்கு,

இங்கு எல்லோரும் சௌக்கியம். எல்லோரும் என்றால் நானும், உன் அண்ணனும், அவருடைய முதுகுவலியும். மூவரும் ஒரே கட்டிலில் படுக்கிறோம். உன் உடம்பு எப்படி இருக்கிறது? கம்பெனிக் குடியிருப்பில் தண்ணீர் ஒழுங்காக வருகிறதா என்று அவர் கேட்கச் சொன்னார். கேட்டுவிட்டேன்.

உங்கள் கம்பெனியின் வீட்டுக் கம்ப்யூட்டர்கள் ஆறு எங்கள் பள்ளிக்கு வந்திருக்கின்றன. ஒவ்வொன்றின் முதுகிலும் நீ எழுதிய மொழி அடங்கிய கார்ட்ரிட்ஜைச் செருகி, டி.வி.யோடு இணைத்து, புரோகிராம்களைக் கேசட்டில் பதிந்துவைக்க டேப் ரெக்கார்டரைப் பக்கத்தில் வைத்து வகுப்பு நடத்துகிறேன். இந்த மொழியை என் நாத்தனார்தான் எழுதினார் என்று மாணவிகளிடம் பெருமையாகச் சொன்னேன். "அப்போ வீட்ல இந்த மொழியிலதான் சண்டை போடுவீங்களா மிஸ்?" என்று ஒருத்தி கேட்டாள். அவளுக்கு வகுப்பில் வாயாடி என்று பெயர். வைத்தவர்களைக் குறை சொல்ல முடியாது.

நான் இங்கே தற்காலிக ஆசிரியை என்பது உனக்குத் தெரியும். எங்களுக்குக் கல்யாணமான புதிதில் நீயே அதைப் பலருக்குச் சொல்லியிருக்கிறாய். ஜூன் மாதம் கல்விக் குழு எங்கள் வேலையைப் பார்க்கப்போகிறது. பிடித்தால் கம்ப்யூட்டர் அறை நிலைக்கும், என் வேலையும் நிரந்தரமாகும். பிடிக்காவிட்டால் அறை டைப்பிங் மாஸ்டருக்குப் போகும், நான் வீட்டுக்குப் போவேன். மாஸ்டர் இப்போதே தினமும் வந்து அறையைக் காலடியால் அளக்கிறார். "ஜன்னல் பக்கம் நாலு மெஷின் போடலாம்" என்று தனக்குத்தானே பேசிக்கொள்கிறார், எனக்குக் கேட்கும்படி.

குழுவிடம் காட்டுவதற்காக, பள்ளி முழுவதற்கும் கால அட்டவணை போட்டுத்தரும் புரோகிராம் ஒன்றை எழுதியிருக்கிறேன். எந்த ஆசிரியரும் ஒரே நேரத்தில் இரண்டு வகுப்பில் இருக்கும்படி ஆகாது. இதுவரை அதைக் கையால் போட்டு வந்த தலைமையாசிரியைக்கு அப்படி ஆகாத வருஷமே கிடையாது. அச்சுப் பிரதி இணைத்திருக்கிறேன்.

உன் கையேட்டில் ஒரு குறை. ஒரு வரியிலிருந்து வேறொரு வரிக்குப் போகச் சொல்லும் 'தாவு' என்ற கட்டளைக்கு, 'தேவைப்படாது' என்று ஒரே சொல்லில் விளக்கம் எழுதியிருக்கிறாய். எனக்குத் தேவைப்பட்டது. நிறைய.

உன் நலம் விரும்பும்,
அண்ணி


கம்பெனிக் குடியிருப்பு,
பிப்ரவரி 2

மதிப்பிற்குரிய அண்ணிக்கு,

வணக்கம். நான் நலம். தண்ணீர் வருகிறது. அண்ணனைக் கனமான எதையும் தூக்க வேண்டாம் என்று சொல்லவும். உங்கள் அச்சுப் பிரதியும் அதில் சேர்த்தி.

புரோகிராமை இரண்டு முறை படித்தேன். வரி 120இல் புறப்படுகிறது. 640க்குத் தாவுகிறது. அங்கே இருப்புக்கொள்ளாமல் 310க்கு வருகிறது. வந்த காரியத்தை மறந்து மறுபடி 640க்குப் போகிறது. சந்தையில் தொலைந்த குழந்தைகூட இவ்வளவு அலைந்ததில்லை. இப்படிப்பட்ட புரோகிராமை எழுதியவர் மட்டுமே படிக்க முடியும். கொஞ்ச நாள் போனால் அவராலும் முடியாது.

நான் செய்த மொழியில் ஒவ்வொரு வேலைக்கும் ஒரு பெயர் வைக்கலாம். பெயர் சொல்லிக் கூப்பிட்டால் அந்த வேலை வரும், முடிக்கும், கூப்பிட்ட இடத்துக்கே திரும்பும். ஒரு வாசலில் நுழைந்து ஒரு வாசலில் வெளியேறும். 'இது நிறைவேறும் வரை இதைச் செய்' என்று மனிதரிடம் சொல்வதுபோல் சொல்லலாம். அதற்காக என் கண்ணைக் கெடுத்துக்கொண்டேன். நீங்களோ அவ்வளவையும் விட்டுவிட்டு ஜன்னல் வழியாக ஏறிக் குதிக்கிறீர்கள். ஏறிக் குதிப்பது உங்கள் பழக்கம் என்று நான் சொல்லவில்லை. அண்ணன் உங்களைப் பதிவு அலுவலகத்துக்கு அழைத்துப்போன செய்தி எங்களுக்கு மறுநாள்தான் கிடைத்தது என்பதை மட்டும் நினைவூட்டுகிறேன்.

'தாவு' கட்டளையை வைக்கவே எனக்கு விருப்பமில்லை. "மத்தவன் மெஷின்ல எல்லாம் இருக்கு. நம்மகிட்ட இல்லேன்னா வாங்குறவன் என்ன நினைப்பான்?" என்று முதலாளி கேட்டதால் வைத்தேன். நினைக்கத் தெரிந்தவன் வாங்குவான் என்று சொன்னேன். "அப்படி எத்தனை பேர் இருக்காங்க?" என்றார்.

மாணவிகள் கெட்டுப்போவதற்குள் திருத்திக்கொள்வீர்கள் என்று நம்புகிறேன்.

இப்படிக்கு,
நாத்தனார்


பள்ளிக்கூடத் தெரு,
பிப்ரவரி 20

மதிப்பிற்குரிய நாத்தனார் அவர்களுக்கு,

நலம். நீங்களும் நலமாக இருப்பீர்கள். கடிதத்தில் தெம்பு தெரிந்தது. உங்களை இதுவரை 'நீ' என்று எழுதிவந்தேன். உறவில் சின்னவர் என்ற உரிமை. இனி அந்தத் தவறு நடக்காது.

கடிதத்தை உங்கள் அண்ணனிடம் படித்துக் காட்டினேன். "அவ சின்ன வயசுலயே அப்படித்தான். தட்டுல ஒண்ணு மேல ஒண்ணு படக் கூடாதுன்னு அழுவா. நடுவுல விரல் நுழையற அளவு இடம் விட்டு வைக்கணும்" என்றார். "இப்போ என் தட்டுல கை வைக்கிறாளே" என்றேன். ஷேவிங் செய்ய வேண்டும் என்று எழுந்து போய்விட்டார். அன்று காலையில்தான் ஷேவிங் செய்திருந்தார்.

பதிவு அலுவலகத்துக்கு ஒரே வாசல்தான். அதன் வழியாகத்தான் நுழைந்தோம். அதே வாசல் வழியாகத்தான் வெளியேறினோம். ஜன்னலுக்குக் கம்பி போட்டிருந்தார்கள். உங்கள் இலக்கணத்தில் அன்று எந்தப் பிழையும் நடக்கவில்லை.

புரோகிராமைப் பொறுத்தவரை: அது ஓடுகிறது. அது ஒன்றுதான் அதன் தகுதி. வேலைக்கு வேறு தகுதி எனக்குத் தெரியாது. பார்க்க அழகாக இருந்து, நின்றுபோன கடிகாரம் ஒன்று எங்கள் அலுவலக அறையில் இருக்கிறது. நீங்கள் வந்தால் ரசிக்கலாம். குழு பார்க்கப்போவது அட்டவணையை. உள்ளே நான் எந்த வழியாகப் போனேன் என்று எட்டிப் பார்க்க அவர்கள் யாரும் என் புகுந்த வீட்டார் இல்லை.

இப்படிக்கு,
அண்ணி


கம்பெனிக் குடியிருப்பு,
மார்ச் 14

அண்ணிக்கு,

வணக்கம். நலம். தனிப் பார்சலில் மொழியின் இரண்டாம் பதிப்பு, ஆறு கார்ட்ரிட்ஜ்கள், இலவசமாக அனுப்பியிருக்கிறேன். சில சீர்திருத்தங்கள் செய்திருக்கிறேன். வேகம் கூடியிருக்கிறது. பழைய கார்ட்ரிட்ஜ்களின் உள்ளிருப்பதை அழித்து மறுபடி பயன்படுத்த வேண்டும் என்று கம்பெனி சொல்கிறது. உடனே திருப்பி அனுப்பவும்.

அண்ணன் முதுகுக்குத் தைலம் ஒன்றும் பார்சலில் இருக்கிறது. கார்ட்ரிட்ஜ்களோடு ஒட்டாமல் தனியாகச் சுற்றியிருக்கிறேன்.

இப்படிக்கு,
நாத்தனார்


பள்ளிக்கூடத் தெரு,
ஏப்ரல் 3

நாத்தனார் அவர்களுக்கு,

தைலம் நன்றாக இருக்கிறது. பார்சலில் நன்றாக இருந்தது அது ஒன்றுதான்.

நீங்கள் சொன்னபடி, பழைய ஆறு கார்ட்ரிட்ஜ்களையும் அன்றே தபாலில் சேர்த்தேன். புகுந்த வீட்டில் நல்ல பெண் என்று பெயர் வாங்க இத்தனை வருஷம் கழித்து ஆசைப்பட்டேன். பிறகு புதியதைச் செருகி, என் அட்டவணை கேசட்டைப் போட்டேன். தலைமையாசிரியை நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். டைப்பிங் மாஸ்டர் கதவோரம் நின்றிருந்தார். அவருக்கு எப்போதும் கதவோரம்தான்.

கேசட் ஓடி முடிந்தது. திரையில் என் புரோகிராம் வந்தது. நான் 'எழுது' என்று போட்டிருந்த இடத்திலெல்லாம் 'அழி' என்று இருந்தது. 'அழி' என்று போட்ட இடத்தில் 'நிறுத்து'. 'தாவு' என்று போட்ட இடத்திலெல்லாம் 'எழுது'. 'எட்டாம் வகுப்பு அட்டவணையை அழி' என்ற வரியைத் தலைமையாசிரியை வாய்விட்டுப் படித்தார்.

"எட்டாம் வகுப்பை எதுக்கும்மா அழிக்குது? போன வாரம்தானே அவங்களுக்கு குரூப் போட்டோ எடுத்தோம்."

"மெஷின்ல ஏதோ கோளாறு மேடம்" என்றேன்.

"டைப்ரைட்டர்ல இந்தத் தொல்லை இல்லைங்க மேடம்" என்றார் கதவோரம். "அ அடிச்சா அ விழும்."

இனி விஷயத்துக்கு வருகிறேன். ஒரு மனுஷியின் புரோகிராம் பிடிக்கவில்லை என்றால் பிடிக்கவில்லை என்று எழுதலாம், எழுதினீர்கள். அதோடு நிறுத்தாமல் வேலை மெனக்கெட்டு, தபால் செலவு செய்து, தைலம் வைத்துச் சுற்றி அனுப்புவதற்கு எவ்வளவு பொறுமை வேண்டும்! உங்கள் அண்ணனிடம் சொன்னேன். "அவ அப்படிச் செய்ய மாட்டா" என்றார். பிறகு கொஞ்ச நேரம் யோசித்தார். யோசித்ததுதான் எனக்குப் பிடிக்கவில்லை.

அண்ணி


கம்பெனிக் குடியிருப்பு,
ஏப்ரல் 15

அண்ணிக்கு,

வணக்கம். நலமா?

வேண்டுமென்றே செய்யவில்லை. வேண்டுமென்றே செய்திருந்தால் இதைவிடச் சுத்தமாகச் செய்திருப்பேன்.

நடந்தது இது. கேசட்டில் சொற்கள் பதிவாவதில்லை. மெஷினில் அவ்வளவு இடமில்லை. கட்டளைகளுக்கு நான் ஒரு வரிசை வைத்திருக்கிறேன். அந்த வரிசையில் எத்தனையாவது சொல் என்ற எண் மட்டும் பதிவாகும். ஆறாவது கேள். ஏழாவது தாவு. எட்டாவது எழுது. ஒன்பதாவது அழி. பத்தாவது நிறுத்து. இரண்டாம் பதிப்பில் ஏழாவது சொல்லை எடுத்துவிட்டேன். பின்னால் நின்றவர்கள் எல்லோரும் ஆளுக்கோர் இடம் முன்னால் வந்தார்கள். பஸ்ஸுக்கு நிற்கும் வரிசையில் ஒருவர் விலகினால் நடப்பதுதான். உங்கள் கேசட் 'எட்டு' என்று சொல்கிறது. எட்டாவது இடத்தில் இப்போது நிற்பவர் 'அழி'.

ஏழாவது இடத்தைக் காலியாக விட்டிருந்தால் மற்றவர்கள் அவரவர் இடத்தில் நின்றிருப்பார்கள். எனக்கு அது தோன்றியது. ஆனால் வரிசைக்கு நடுவே ஓர் ஓட்டையை வைத்துக்கொண்டு என்னால் தூங்க முடியாது.

வருந்துகிறேன் என்று எழுதக் கம்பெனி அனுமதிப்பதில்லை, வழக்குப் போடுவார்களாம். எனவே எழுதவில்லை.

தாவல்கள் இல்லாமல் அதே புரோகிராமை மறுபடி எழுதலாம். உங்கள் மாணவிகளைக்கொண்டே எழுதலாம். வேலையைப் பகுதி பகுதியாகப் பிரித்து, பகுதிக்கு ஒரு பெயர் வைத்து, ஆளுக்கொன்று கொடுக்கவும். உதவி கேட்டால் செய்வேன். கேட்க மாட்டீர்கள் என்றும் தெரியும்.

நாத்தனார்


கம்பெனிக் குடியிருப்பு,
மே 12

அண்ணிக்கு,

பதில் இல்லை. நலம்தானே? புரோகிராம் என்ன ஆயிற்று? தபால் அட்டையில் இதற்கு மேல் இடமில்லை.

நாத்தனார்


பள்ளிக்கூடத் தெரு,
மே 30

நாத்தனார் அவர்களுக்கு,

உடம்புக்கு ஒன்றுமில்லை. உங்கள் அட்டையைத் தபால்காரர் வாசலிலேயே படித்துவிட்டு, "புரோகிராம் என்னம்மா ஆச்சு?" என்று கேட்டார். உங்களுக்குச் சொல்வதற்கு முன் அவருக்குச் சொல்ல வேண்டியதாயிற்று: அது என் விஷயம்.

மாணவிகளைக்கொண்டு எழுதச் சொன்ன யோசனைக்கு நன்றி. என் தாவல்களை விட்டுக்கொடுத்து உங்கள் காலடியில் பாடம் படிக்க உட்கார்ந்துவிட்டேன் என்று கனவு காண வேண்டாம். என் கேசட் என் கேசட்டாகவே இருக்கிறது. நான் எழுதியது எழுதியதுதான்.

குழு பள்ளிகளுக்கு வரவில்லையாம். எல்லாப் பள்ளிகளும் ஜூன் கடைசியில் அவர்களுடைய மண்டபத்துக்குப் போக வேண்டும். கேசட்டை மட்டும் கொண்டுவந்தால் போதும், மெஷின்களைக் கம்பெனியே அனுப்புகிறது என்று சுற்றறிக்கை வந்திருக்கிறது. எந்தக் கம்பெனி என்று சொல்லத் தேவையில்லை. எப்படிப் பார்த்தாலும் என் கழுத்து உங்கள் கைக்குத்தான் வந்து சேருகிறது.

உங்கள் அண்ணன் இரண்டு வரி எழுத வேண்டும் என்கிறார்.

தங்கச்சிக்கு, நான் சௌக்கியம். நீ ஒழுங்காகச் சாப்பிடு. உன் அண்ணி வெளியில் சொல்ல மாட்டாள், ஆனால் இந்த ஒரு மாதமாக அவள்

(மேலே அவர் எழுதியதில் மீதியை நான் அடித்துவிட்டேன். வெளிச்சத்தில் பிடித்துப் படிக்க முயல வேண்டாம். இரண்டு முறை அடித்திருக்கிறேன்.)

அண்ணி


கம்பெனிக் குடியிருப்பு,
ஜூன் 18

அண்ணிக்கு,

வணக்கம். அண்ணன் முதுகு எப்படி இருக்கிறது?

மண்டபத்துக்கான மெஷின்கள் இன்று லாரியில் ஏறின. கார்ட்ரிட்ஜ்களை நானே பார்த்து வைத்தேன். முதலாளி இந்த வாரம் வெளியூரில் இருக்கிறார்.

கவலைப்படாமல் உங்கள் கேசட்டை எடுத்துக்கொண்டு போகவும். வேறு எதுவும் கேட்க வேண்டாம்.

நாத்தனார்


பள்ளிக்கூடத் தெரு,
ஜூலை 2

நாத்தனார் அவர்களுக்கு,

நான் நலமாக இருக்கிறேனா என்று இந்த முறை நீங்கள் கேட்காமலிருப்பது நல்லது.

மண்டபத்தில் பள்ளிக்கு ஒரு மேசை, மேசைக்கு ஒரு மெஷின். எங்கள் மேசைக்குக் குழுவின் நிபுணர் வந்தார். தாவல்களுக்கு எதிராக அவர் கட்டுரைகூட எழுதியிருக்கிறாராம். கழுத்துப்பட்டியை அவர் கட்டியிருந்த விதத்தைப் பார்த்தபோது உங்களுக்கு ஏற்ற வரன் என்று தோன்றியது. அந்த நல்லெண்ணம் அடுத்த நிமிஷமே போய்விட்டது.

கேசட் ஓடி முடிந்து புரோகிராம் திரைக்கு வந்தது. 'எழுது' என்று போட்ட இடத்திலெல்லாம் 'தாவு' என்று இருந்தது. 'அழி' என்று போட்ட இடத்தில் 'எழுது'. 'நிறுத்து' என்று போட்ட இடத்தில் 'அழி'.

நிபுணர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். "ஏம்மா, தாவல் இல்லாத புரோகிராம்னு மனுவில எழுதியிருக்கீங்க. இதுல தாவலைத் தவிர வேற ஒண்ணுமே இல்லையே?"

ஆம், மனுவில் அப்படித்தான் எழுதியிருந்தேன். உங்களிடம் சொல்லக் கூடாது என்று வைத்திருந்ததை இப்போது சொல்கிறேன். வைத்திருந்து இனி பயனில்லை. ஏப்ரலில் உங்கள் கடிதம் வந்த பிறகு, ஒரு வாரம் உங்களைத் திட்டிவிட்டு, நீங்கள் சொன்னபடியே செய்தேன். வேலையைப் பகுதிகளாகப் பிரித்து, பகுதிக்கொரு பெயர் வைத்து, மாணவிகளுக்கு ஆளுக்கொன்று கொடுத்தேன். 'மோதுகிறதா பார்' என்ற பகுதி வாயாடியுடையது. யார் யாரோடு மோதுகிறார்கள் என்பதில் அவளுக்கு இயல்பாகவே அக்கறை உண்டு. எழுதி முடித்ததும், பழையதை வைத்திருந்தால் மறுபடி சபலம் வரும் என்று, அதே கேசட்டில் பழையதன் மேலேயே புதியதைப் பதிவு செய்தேன். உங்கள் முறை நல்ல முறை என்று உங்களிடம் ஒப்புக்கொள்வதைவிட ஊமையாகிவிடலாம் என்பதால் எழுதவில்லை.

திரையைப் பார்த்த உடனே எனக்குப் புரிந்துவிட்டது. ஒருமுறை பட்டவள் அல்லவா? ஏழாவது ஆள் திரும்பி வந்து தன் இடத்தில் உட்கார்ந்துவிட்டார். எல்லோரும் ஓரிடம் பின்னே போய்விட்டார்கள். மார்ச்சில் வெளியே தள்ளினீர்கள், ஜூனில் உள்ளே இழுத்தீர்கள். இரண்டு தடவையும் அடிபட்டது நான்.

நான் மட்டுமில்லை. பக்கத்து மேசைப் பள்ளி ஆசிரியர் மெஷினைத் தட்டிப் பார்த்தார், ஒயரைப் பிடுங்கிச் செருகிப் பார்த்தார், கடைசியில் கேசட்டை எடுத்து ஊதினார். பிறகு பையைக் கட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார். அந்த வரிசை முழுவதும் அப்படித்தான்.

நான் நிபுணரிடம் கோளாறு கட்டளை வரிசையில் இருக்கிறது, புரோகிராமில் இல்லை, அதே சொற்களைப் புதிதாக அடித்தால் சரியாக ஓடும் என்றேன். "எல்லாரும் அப்படித்தாம்மா சொல்றாங்க" என்றார். அப்போது வாயாடி, "மிஸ், என் பகுதி எனக்கு மனப்பாடம். அடிச்சிடவா?" என்றாள். "எனக்கும் தெரியும் மிஸ்" என்றாள் இன்னொருத்தி.

நான் கீபோர்டை நோக்கிக் கையை நீட்டினேன்.

"நீங்க கை வைக்காதீங்க. பொண்ணுங்க செய்யட்டும், பார்க்கலாம்" என்றார் நிபுணர்.

கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். ஒருத்தி உட்கார்ந்து தன் பகுதியை அடித்தாள். அவள் எழுந்ததும் அடுத்தவள் உட்கார்ந்தாள். ஒருத்தி தப்பாக அடித்தால் மற்றவர்கள், "ஏய், அங்க 'வரை' போடணும்டி" என்று கத்தினார்கள். ஒருத்தியின் பகுதி அடுத்தவளுடையதோடு கை கோத்துக்கொண்டது. என் பழைய புரோகிராமாக இருந்தால் நான் ஒருத்தி மட்டுமே அதை அடித்திருக்க முடியும், அதுவும் முடிந்திருக்காது. சாப்பாட்டு நேரம் தாண்டியும் நிபுணர் நகரவில்லை. கடைசியில் பள்ளி முழுவதற்கும் அட்டவணை திரையில் வந்தது. ஒருவர்கூட இரண்டு வகுப்பில் இல்லை. நிபுணர் கையைத் தட்டினார்.

முடிவு தபாலில் வருமாம். இவ்வளவுக்கும் பிறகு உங்களிடம் ஒரே கேள்வி. ஏன்?

அண்ணி


ஜூலை 21

அண்ணிக்கு,

வணக்கம். அண்ணனுக்கு என் அன்பு.

உங்கள் கேள்விக்குப் பதில்: மே 30 தேதியிட்ட உங்கள் கடிதம். 'என் கேசட் என் கேசட்டாகவே இருக்கிறது, நான் எழுதியது எழுதியதுதான்' என்று எழுதியிருந்தீர்கள். அப்படியென்றால் ஏழாவது சொல் இல்லாத மெஷினில் அது மறுபடி தடுமாறும், அதுவும் குழுவின் முன்னால். எனவே சொல்லை அதன் பழைய இடத்தில் திரும்ப வைத்தேன். எனக்குப் பிடிக்காத சொல்லை, என் கையால், நான் நீக்கிய இடத்திலேயே. அந்த வேலைக்கு மூன்று நாள் சரியாகச் சாப்பிடவில்லை, பசியில்லாததால் அல்ல.

வரிசையின் கடைசியில் வைத்திருந்தால் யாருடைய கேசட்டும் கெட்டிருக்காது. ஆனால் உங்கள் பழைய கேசட் ஓடியிருக்காது. நான் உங்கள் கேசட்டை மட்டும்தான் நினைத்தேன். இரண்டாம் பதிப்பு போய்ச் சேர்ந்திருந்த மற்ற பள்ளிகள் நினைவுக்கு வரவில்லை. அவை முதலாளியின் நினைவுக்கு வந்துவிட்டன.

நீங்கள் எழுதியதை அப்படியே நம்பியது இதுதான் முதல் தடவை. இனி பழைய வழக்கப்படியே நடந்துகொள்கிறேன்.

கம்பெனி முகவரிக்குக் கடிதம் எழுத வேண்டாம். இப்போதைக்கு ஒரு தோழியின் அறையில் இருக்கிறேன்; முகவரி உறையின் பின்னால் இருக்கிறது. உடம்புக்கு ஒன்றுமில்லை. ஓய்வு தேவைப்பட்டது. கிடைத்திருக்கிறது.

நாத்தனார்


பள்ளிக்கூடத் தெரு,
ஆகஸ்ட் 9

நாத்தனாருக்கு,

நலம். உன் அண்ணன் முதுகு தேறிவிட்டது. வீட்டில் கவலைப்பட வேறு விஷயங்கள் வந்ததும் அதுவாகவே வழிவிட்டுவிட்டது.

கல்விக் குழுவின் முடிவு வந்தது. எங்கள் பள்ளி மாணவிகள் ஆசிரியரின் உதவி சிறிதும் இல்லாமல் முழுப் புரோகிராமையும் தாங்களே எழுதிக் காட்டியதைக் குழு பெரிதும் பாராட்டியிருக்கிறது. எனவே கம்ப்யூட்டர் அறை நிரந்தரமாக்கப்படுகிறது. மாணவிகள் இவ்வளவு தேர்ச்சி பெற்றுவிட்ட நிலையில் தனி ஆசிரியர் தேவையில்லை என்றும் குழு கருதுகிறது. அறையை மேற்பார்வையிட, கீபோர்டில் ஏற்கெனவே அனுபவமுள்ள டைப்பிங் மாஸ்டரை நியமித்திருக்கிறார்கள்.

அவர் சாவி வாங்க வந்தபோது முகத்தைப் பார்க்கப் பாவமாக இருந்தது. "எனக்கு ஆன் பண்ணவே தெரியாதுங்க" என்றார். "பொண்ணுங்க சொல்லித் தருவாங்க" என்றேன். வாயாடி ஏற்கெனவே அவரை நாற்காலியில் உட்காரவைத்துவிட்டாள்.

நான் மாத முடிவோடு நிற்கிறேன். நீ நிறுத்தப்பட்டதை நீ எழுதவில்லை. ஓய்வு என்றால் என்னவென்று எங்கள் தெருவிலும் தெரியும்.

உன் கடிதத்தை உன் அண்ணனிடம் படித்துக் காட்டினேன். அவர் ரொம்ப நேரம் சிரித்தார். பிறகு, "அன்னிக்கு நான் எழுதினதை நீ அடிக்காம விட்டிருந்தா இவ்வளவு ஆகியிருக்குமா?" என்றார். கல்யாணமான நாள் முதல் அவர் என்னைக் கேட்ட முதல் கேள்வி இது. நான் பாத்திரம் துலக்கப் போனேன். பாத்திரமெல்லாம் ஏற்கெனவே துலக்கியிருந்தது.

இப்போது அவர் மாடியறையில் இருக்கும் பழைய சாமான்களைக் கீழே இறக்கிக்கொண்டிருக்கிறார். தோழியின் அறையில் எத்தனை நாள் இருப்பாய் என்கிறார். இது அவருடைய ஏற்பாடு. நான் அழைக்கவில்லை. தடுக்கவும் இல்லை. எங்கள் தெருவில் வீட்டுக் கம்ப்யூட்டர் வாங்கிவிட்டு என்ன செய்வதென்று தெரியாமல் மூடி வைத்திருப்பவர்கள் நிறையப் பேர். இரண்டு பேர் சேர்ந்து சொல்லிக்கொடுத்தால் கூட்டம் வரும். அந்த இரண்டு பேரும் ஒருவரோடொருவர் பேசிக்கொள்ள வேண்டும் என்று கட்டாயமில்லை.

வருவதாக இருந்தால் ஒரே ஒரு நிபந்தனை. எனக்குக் கெடுதல் செய்வதென்றால் சொல்லாமலே செய்துகொள். அது எனக்குப் பழகிவிட்டது. நல்லது செய்வதாக இருந்தால் மட்டும் தயவுசெய்து முன்கூட்டியே ஒரு கடிதம் போட்டுவிடு.

உன்,
அண்ணி